எரிமலை வெடிச்சா நம்ம கரையில காலம் ரெண்டா பிரியுதுன்னு ஒரு கதைக் கோட்பாடு கட்டுறது எப்படி

ராமநாதபுரம் கரைய வச்சு அறிவியல் புனைகதை எழுதணும்னு ஆசை இருக்குறவங்களுக்காக இத எழுதுறேன். தொண்டியில இருந்து மூக்கையூர் வரைக்கும் இம்புட்டு நீளக் கரை கிடக்கு, வடகடல் தென்கடல்னு குணம் வேற வேறயான ரெண்டு கடல் இருக்கு, ஒரே ராத்திரியில அழிஞ்சுபோன தனுஷ்கோடி இருக்கு, மன்னார் வளைகுடாவுல 21 தீவுல ரெண்டு தீவு தண்ணிக்குள்ள போயே போயிடுச்சு, இவ்வளவையும் கையில வச்சுக்கிட்டு மாற்று டைம்லைன்னு ஒரு கதை வந்தா மட்டும் அது ஏன் எப்பவும் அமெரிக்காவுல இல்லாட்டி சென்னை ஐடி கம்பெனியில நடக்குதுன்னு எனக்கு ரொம்ப நாளா ஆதங்கம். நம்ம கரையில எரிமலை கிடையாதேன்னு கேப்பீங்க. கிடையாதுதான், ராமேஸ்வரம் தீவு முழுக்க மணலும் பழைய பவளப்பாறையும்தான். ஆனா எரிமலையோட கை எவ்வளவு தூரம் நீளும்னு தெரிஞ்சுக்கிட்டா அந்தக் கேள்வி தானா போயிடும்.

மொதல்ல ஒரு விஷயத்த மனசுல ஆணி அடிச்சு வச்சுக்கோங்க, மத்ததெல்லாம் இதுக்குள்ள அடங்கிடும். கோட்பாட்டுல ஒரே ஒரு பொய்தான் இருக்கணும். மிச்சம் அத்தனையும் நெசமா இருக்கணும், தேதி, தூரம், காத்தோட வேகம், அந்த வருஷம் ஊர்ல யாரு இருந்தா, என்ன வண்டி ஓடுச்சு, எல்லாம். படிக்கிறவங்க ஒரு பொய்ய சந்தோஷமா ஏத்துக்குவாங்க, ரெண்டாவது வந்தா புக்க மூடிடுவாங்க.

அந்த ஒரு பொய்ய எங்க வைக்கிறதுன்னு பாப்போம். 1957-ல ஹியூ எவரெட்னு ஒரு அமெரிக்க இயற்பியலாளர் தன்னோட ஆய்வேட்டுல அணு அளவுல நடக்குற குவாண்டம் நிகழ்வு ஒவ்வொண்ணுலயும் எல்லா முடிவும் நடக்குது, உலகம் கிளை பிரிஞ்சுக்கிட்டே போகுதுன்னு ஒரு விளக்கம் கொடுத்தாரு. அது உண்மையான ஆராய்ச்சி, இன்னைக்கும் அதப் பத்தி இயற்பியல்காரங்க சண்ட போடுறாங்க. ஆனா அதுல எரிமலைக்கு தனி மரியாதை எதுவும் இல்ல, அதோட பிரிஞ்ச கிளை பிரிஞ்சதுதான், ஒண்ணுக்கொண்ணு எட்டிப் பாக்க வழியே இல்ல. அந்த "எட்டிப் பாக்க முடியாது"ங்குற எடத்துலதான் நம்ம பொய்ய சொருகணும். நான் பரிந்துரைக்கிறது இது: பெரிய எரிமலை வெடிச்சு அதோட காத்தழுத்த அலை ஒரு ஊரக் கடக்கும்போது அந்த ஊர்ல ரெண்டு கிளைக்கும் நடுவுல இருக்குற கதவு திறக்குது, அதே அலை உலகத்த சுத்திட்டு எதிர்ப்பக்கத்துல இருந்து திரும்பி வந்து அந்த ஊரக் கடக்கும்போது கதவு மூடிக்குது. அவ்வளவுதான் பொய். ஏன்னு கேட்டு விளக்கம் எழுத ஆரம்பிக்காதீங்க, ஒரு பத்திக்கு மேல போனா கெட்டுது கதை.

ஏன் அழுத்த அலை, ஏன் சுனாமி இல்ல, சாம்பல் இல்ல? இதுக்கு நம்ம கரையே பதில் வச்சிருக்கு. 2004 டிசம்பர் 26-ல நாகப்பட்டினம் அந்த அடி வாங்குச்சு, ராமநாதபுரம் பக்கம் பெருசா அடி விழல, காரணம் இலங்கை குறுக்க படுத்திருக்கு. தண்ணியில வர்ற அலைய நிலம் தடுக்கும். காத்துல வர்ற அலைய இலங்கை தடுக்காது, மேற்குத் தொடர்ச்சி மலையும் தடுக்காது, அது முழு வளிமண்டலத்தையும் அமுக்கிக்கிட்டே நிலம் கடல்னு பாக்காம போயிட்டே இருக்கும். அதனால தண்ணி வராத கரையில காத்து மட்டும் வருதுங்குறதே ஒரு அழகான தொடக்கம், கடல் ஒண்ணுமே நடக்காத மாதிரி கிடக்கும், ஆனா கதவு திறந்திருக்கும்.

இப்ப எந்த எரிமலைன்னு முடிவு பண்ணணும். இதுல அவசரப்படாதீங்க. எரிமலை வெடிப்ப 0-ல இருந்து 8 வரைக்கும் அளக்குறாங்க, மேல போகப் போக ஒரு படிக்கு சுமாரா பத்து மடங்கு பொருள் வெளிய வருது. நமக்கு பக்கத்துல அந்தமான் கடல்ல பாரன் தீவு இருக்கு, 1787-ல வெடிச்சதா பதிவு இருக்கு, 19-ஆம் நூற்றாண்டுல அடங்கி 1991-ல திரும்ப ஆரம்பிச்சு இன்னைக்கும் அப்பப்ப புகையுது. பக்கத்துல இருக்கேன்னு அத எடுத்தா மாட்டிக்குவீங்க, ஏன்னா அதோட வெடிப்பெல்லாம் சின்னது, அதுக்கே கதவு திறக்கும்னா உலகத்துல எங்கயாச்சும் ஒரு எரிமலை எப்பவும் பொங்கிக்கிட்டுதான் இருக்கு, வருஷம் பூரா கதவு திறந்தே கிடக்கும், கதையே நிக்காது. அதனால ஒரு கீழ் வரம்பு வைங்க. அழுத்த அலை உலகத்த ஒரு சுத்தாவது முழுசா சுத்தி வந்து கருவியில பதிவாயிருக்கணும், அதுதான் வரம்பு.

அந்த வரம்புல ஜம்முன்னு வந்து உக்காருறது 1883 கிரகடோவா. சுந்தா நீரிணையில, ஜாவாவுக்கும் சுமத்ராவுக்கும் நடுவுல. ஆகஸ்ட் 27 திங்கக்கிழமை காலைல அங்க மணி 10:02-க்கு கடைசிப் பெரு வெடிப்பு. 36,000 பேருக்கு மேல செத்தாங்க, பெரும்பாலும் அலையில. சுமார் 4,800 கிலோமீட்டர் தள்ளி ரோட்ரிக்ஸ் தீவுல பீரங்கிச் சத்தம் மாதிரி கேட்டுச்சு, இலங்கையிலயும் கேட்டுச்சு. காத்தழுத்த அலை அஞ்சு நாள் உலகத்த சுத்தி சுத்தி வந்துச்சு, சில ஊர் பாரமானியில ஏழு தடவ பதிவாச்சு. இந்த ஏழுங்குற எண்ண மறந்துடாதீங்க, பின்னாடி வேணும்.

கணக்கு போடுறது எப்படின்னு சொல்றேன், ஒரு நோட்டும் பேனாவும் போதும். அந்த அலை மணிக்கு சுமார் 1,130 கிலோமீட்டர் போகும். உலகச் சுத்தளவு 40,000 கிலோமீட்டர், அப்ப ஒரு முழுச் சுத்துக்கு 35 மணி நேரத்துக்கு கொஞ்சம் மேல. ஒரு பூசணிக்காயோட காம்புப் பக்கம் ஒரு ரப்பர் பேண்ட மாட்டி கீழ தள்ளிக்கிட்டே போற மாதிரி நினைச்சுக்கோங்க, நடு வயித்துல விரியும், அடிப்பக்கம் போகப் போக சுருங்கி ஒரு புள்ளியில சேரும், அங்க இருந்து திரும்ப விரிஞ்சு மேல வரும். கிரகடோவாவுக்கு அந்த அடிப்புள்ளி தென் அமெரிக்காவுல கொலம்பியா பக்கம். அலை அங்க போய் குவிஞ்சு திரும்புது.

கிரகடோவாவுல இருந்து ராமேஸ்வரத்துக்கு நேர் தூரம் சுமார் 3,360 கிலோமீட்டர். அலை வந்து சேர மூணு மணி நேரம். அப்ப நம்ம நாட்டுல இந்திய நேரம்னு ஒண்ணு கிடையாது, அது 1906-ல வந்தது, அதுக்கு முன்னாடி மெட்ராஸ் நேரம்னு தனியா ஓடுச்சு, அந்தக் கணக்குல வெடிப்பு காலைல 8:20, அலை நம்ம கரையத் தொடுறது 11:20 வாக்குல, உச்சிப்பொழுதுக்கு கொஞ்சம் முன்னாடி. கதவு திறக்குது. திரும்பி வர்ற அலை மறுநாள் 28-ஆம் தேதி சாயங்காலம் 4:40-க்கு மேற்கால இருந்து வருது. கதவு மூடுது. மொத்தம் 29 மணி நேரம் திறந்திருக்கு. அப்புறம் ஆறு மணி நேரம் கழிச்சு ராத்திரி 10:40-க்கு நேர் அலை ரெண்டாவது சுத்து வருது, திரும்ப திறக்குது, 30-ஆம் தேதி விடியக்காலம் 4 மணி வாக்குல மூடுது. காலைல 10 மணி வாக்குல மூணாவது தடவ திறக்குது, 31-ஆம் தேதி மத்தியானம் 3:30-க்கு மூடுது. ராத்திரி 9:30-க்கு ஏழாவது தடவ அலை கடக்குது, நாலாவது தடவையா கதவு திறக்குது.

எட்டாவது அலை இல்ல. பாரமானி பதிவெல்லாம் ஏழோட நிக்குது. அப்ப 1883 ஆகஸ்ட் 31 ராத்திரி 9:30-க்கு ராமநாதபுரம் கரையில திறந்த கதவு மூடவே இல்ல. நான் எதையும் வளைக்கல பாருங்க, பொய் ஒண்ணே ஒண்ணுதான், கணக்கே இந்த எடத்துக்கு கூட்டிட்டு வந்து விட்டுடுச்சு. ஒரு பொய்யோட நிறுத்துனா என்ன லாபம்னு கேட்டா நான் இதத்தான் காட்டுவேன். அலை ஏழாவது தடவ கடக்கும்போது ரொம்ப பலவீனமா இருக்கும், அதனால அந்தக் கதவும் பலவீனமா, ஒரு ஆள் நுழைய முடியாத அளவுக்கு, ஒரு சின்னப் பொருள் மட்டும் கடந்து போற அளவுக்கு இருக்கும்னு வச்சுக்கோங்க.

வேற ஊருக்கு, வேற எரிமலைக்கு நீங்களே போட்டுக்கலாம். 20,000-ல இருந்து உங்க ஊருக்கும் எரிமலைக்கும் உள்ள தூரத்தக் கழிங்க, ரெண்டால பெருக்குங்க, 1,130-ஆல வகுங்க, அதுதான் கதவு திறந்திருக்குற மணி நேரம். 2022 ஜனவரி 15-ல டோங்கா பக்கம் கடலுக்கடியில வெடிச்சுதே, அந்த அலை இந்தியாவுலயும் பாரமானியில பதிவாச்சு, சென்னையிலயும் பாத்தாங்க. டோங்காவுல இருந்து ராமேஸ்வரம் சுமார் 12,000 கிலோமீட்டர். நம்ம நேரத்துக்கு காலைல 9:45 வாக்குல வெடிச்சுது, அலை நம்மகிட்ட வர ராத்திரி 8:20 ஆயிருக்கும், அன்னைக்கு பொங்கலுக்கு மறுநாள், மாட்டுப்பொங்கல். எதிரலை மறுநாள் காலைல 10:30-க்கு. 14 மணி நேரம் கதவு. சமகாலக் கதை எழுதுறவங்களுக்கு இதவிட தோதான நாள் கிடைக்காது.

இந்த அலைய மனுச உடம்பு உணராது, இத தயவுசெஞ்சு கவனிங்க. காதடைக்குது, மயிர் சிலிர்க்குதுன்னு எழுதுனா அது ரெண்டாவது பொய். டோங்கா அலை இங்க வரும்போது ஒண்ணு ரெண்டு ஹெக்டோபாஸ்கல் அளவுக்குத்தான் அழுத்தத்த அசைச்சிருக்கும். அது எவ்வளவு சின்னதுன்னு புரியணும்னா ஒரு வேலை செய்ங்க. பாரமானி சென்சார் இருக்குற போன் ஒண்ண வாங்கி, அழுத்தத்த காட்டுற ஆப் ஒண்ண போட்டு, வீட்டுல ஒரே எடத்துல, ஒரே உயரத்துல வச்சிருங்க, மாடிக்கு எடுத்துட்டுப் போனாலே எண்ணு மாறிடும். காலைல 10 மணிக்கு ஒரு தடவ, சாயங்காலம் 4 மணிக்கு ஒரு தடவ, ராத்திரி 10 மணிக்கு ஒரு தடவ குறிச்சுக்கோங்க. காலைல ஏறியிருக்கும், 4 மணிக்கு மூணு ஹெக்டோபாஸ்கல் மாதிரி இறங்கியிருக்கும், ராத்திரி திரும்ப ஏறியிருக்கும். வெயில் மேல் வளிமண்டலத்த சூடாக்குறதுல காத்துக்கே ஒரு ஏத்த இறக்கம் இருக்கு, நம்மள மாதிரி பூமத்திய ரேகைக்கு பக்கத்துல இருக்குற ஊர்ல அது கடிகாரம் மாதிரி நடக்கும். தெனமும் மூணு ஏறி இறங்குறத நம்ம ஒடம்பு கண்டுக்கிறதே இல்ல. அதனால உங்க கதையில அலைய கண்டுபிடிக்கிற ஆளு கருவி வச்சிருக்குற ஆளாத்தான் இருக்கணும். 1883-ல பாம்பன் வாய்க்கால்ல கப்பல் போய்ட்டு வந்துக்கிட்டு இருந்துச்சு, கப்பல்ல பாரமானி இருக்கும், 28-ஆம் தேதி சாயங்காலம் எப்பவும் இறங்கிக் கிடக்க வேண்டிய 4:40-க்கு முள்ளு ஒரு துள்ளு துள்ளுறத ஒரு கப்பல்காரர் பாக்குறாருன்னு வச்சா கன கச்சிதம்.

அடுத்தது எல்லாரும் கோட்டை விடுற எடம். கிளை எப்ப பிரியுது? வெடிக்கிற நொடியில. அப்ப அதுக்கு முன்னாடி நடந்தது எல்லாம் ரெண்டு கிளைக்கும் பொதுச் சொத்து. கதவுக்கு அந்தப் பக்கம் ராஜேந்திர சோழன் இன்னும் ஆள்றாரு, வெள்ளக்காரனே வரலன்னு எழுத முடியாது. 1883 ஆகஸ்ட்ல ரெண்டு பக்கமும் ராமநாதபுரம் ஜமீன் மைனர் சொத்தா சர்க்கார் மேற்பார்வையிலதான் இருக்கும், பாஸ்கர சேதுபதி ரெண்டு பக்கமும் 14 வயசுப் பையனாத்தான் இருப்பாரு. தாது வருஷப் பஞ்சம் போய் சில வருஷம்தான் ஆச்சு, அந்த ஞாபகம் ரெண்டு பக்கமும் இருக்கும். பாம்பன் பாலம் ரெண்டு பக்கமும் கிடையாது, அது 1914.

இதுக்குள்ள கதை எங்க இருக்குன்னு ஒரு எடுத்துக்காட்டு போட்டுக் காட்டுறேன். கீழக்கரை மரைக்காயர்கள் காலங்காலமா தென்கிழக்காசியாவோட கடல் வியாபாரம் பண்ணவங்க. ஒரு குடும்பம், கதீஜான்னு ஒரு பொண்ணு, அவளோட அண்ணன் ஜாவாவுல அஞ்சேர் துறைமுகத்துல இருக்காரு. அந்த ஊரு அன்னைக்கு அலையில அழிஞ்சது நெசம். முதல் முறை கதவு திறந்த 29 மணி நேரத்துல இந்தப் பக்க கதீஜாவும் அந்தப் பக்க கதீஜாவும் அச்சு அசலா ஒரே ஆளு, ரெண்டு பேருக்குமே இன்னும் ஒண்ணும் தெரியாது, ஒரே அடுப்பு ஒரே வேலை. எதிர்ல பாத்துக்கிட்டாலும் கண்ணாடின்னு நினைச்சிருப்பா. கிளை பிரிஞ்ச உடனே உலகம் தலகீழா மாறிடாது, வித்தியாசம் ஊர் ஊரா நடந்துதான் நம்மகிட்ட வரணும். சேதி தந்தியில மெட்ராஸ் வரைக்கும் சீக்கிரம் வந்துடும், கீழக்கரை வீட்டுத் திண்ணைக்கு வர எவ்வளவு நாளாகும்? அந்த இடைவெளிதான் உங்க கதையோட தங்கம்.

ஒரு கிளையில அண்ணன் வெடிச்ச உடனே மேட்டுப்பக்கம் ஓடிட்டாரு, பொழச்சுட்டாரு. இன்னொண்ணுல இல்ல. மூடாத அந்தச் சின்னக் கதவு வழியா ஒரே ஒரு கடுதாசி தப்பி வருது. நான் எழுதுனா அந்த எடத்த இப்படித்தான் எழுதுவேன் (காக்கான்னா அவங்க பேச்சுல அண்ணன்):

"உம்மா, காக்கா கடுதாசி வந்துருக்கு."

"எந்தக் காக்காடி?"

"நம்ம காக்காதாம்மா. நல்லாருக்காகளாம். கால்ல மட்டும் காயமாம்."

உம்மா கையில இருந்த முறத்த கீழ வச்சா. நாப்பதாம் நாள் பாத்திஹா ஓதி ஊருக்கே சோறு போட்டு முடிச்சாச்சு. அவ கடுதாசிய வாங்கல, மகளோட முகத்தையே பாத்தா.

கடுதாசி இந்தப் பக்க வீட்டுக்கு வந்துட்டா அந்தப் பக்க வீட்டுக்கு அது போய்ச் சேரலன்னு அர்த்தம், அங்க ஒரு உம்மா பொழச்ச புள்ளைக்காக அழுதுக்கிட்டு இருப்பா. இத விட்டுடாதீங்க. கதவுல இந்தப் பக்கம் வந்தது எல்லாம் அந்தப் பக்கம் குறைஞ்சது. இது புதுப் பொய் இல்ல, ஒரே பொருள் ரெண்டு எடத்துல இருக்க முடியாதுங்குற சாதாரண நியாயம்தான், ஆனா கதைக்கு கனம் இதுலதான் வருது.

நம்ம கரையில இன்னொரு அடையாளமும் நெசமாவே கிடைக்குது. கிரகடோவா தூசி மேல ஏறி உலகத்த சுத்தினதுல 1883 செப்டம்பர்ல இலங்கையிலயும் தென்னிந்தியாவுலயும் சூரியன் பச்சையா தெரிஞ்சுது, காலைலயும் சாயங்காலமும். மெட்ராஸ் கிறிஸ்தவக் கல்லூரியில பேராசிரியரா இருந்த மிச்சி ஸ்மித் அதப் பாத்து எழுதியிருக்காரு, பின்னாடி கொடைக்கானல் வானாய்வகத்துக்கு இயக்குநரா போனாரே, அவரேதான். கதவு திறந்து ரெண்டு வாரம் வாக்குல பச்சைச் சூரியன். இதுக்கு மேல ஒரு எழுத்தாளருக்கு என்ன வேணும்.

கையில எடுத்துக் காட்டுற மாதிரி ஒரு பொருள் வேணும்னா மிதக்குற கல்ல எடுங்க. ராமேஸ்வரத்துல தொட்டியில போட்டு வச்சிருக்குறத எல்லாரும் பாத்திருப்போம், அதுல இருக்குற பக்தி தனி, அதுல கை வைக்காதீங்க. கரையில தானா ஒதுங்குற லேசான கல்லப் பத்தி மட்டும் பேசுவோம். அதுல ரெண்டு வகை வரலாம். ஒண்ணு செத்த பவளம், உள்ள ஓட்டையில காத்து நின்னா சிலது மிதக்கும். இன்னொண்ணு எரிமலை நுரைக்கல், குதிகால் தேய்க்கிற அந்தக் கல்லுதான். ஒரு சொட்டு எலுமிச்சச் சாறு விட்டுப் பாருங்க. பவளம் சுண்ணாம்பு, மெல்ல பொரியும், காதுகிட்ட வச்சா சின்ன சத்தம்கூட வரும். நுரைக்கல் பொரியாது, அது கண்ணாடி மாதிரியான பொருள், விரல்ல தேச்சா நறநறன்னு இருக்கும். கிரகடோவா நுரைக்கல்லு இந்தியப் பெருங்கடல்ல திட்டுத் திட்டா மிதந்து மறு வருஷம் ஆப்பிரிக்காவோட கிழக்குக் கரை வரைக்கும் போச்சு. அதனால பாசி எடுக்கப் போற பொம்பளைங்க ஒருத்தங்க, மரிக்கொழுந்துப் பாசி பிடுங்குற கையில ஒரு கல்லு சிக்குது, வீட்டுல மீன் கழுவ பிழிஞ்ச எலுமிச்சச் சாறு அதுல படுது, பொரியலங்குறதுல இருந்து ஒரு கதை ஆரம்பிக்கலாம். எனக்கு விஞ்ஞானி வேஷத்தவிட இந்தக் கைதான் பிடிச்சிருக்கு.

தனுஷ்கோடிய தொடணும்னு எல்லாருக்கும் கை அரிக்கும். 1964 டிசம்பர் 22 ராத்திரி அடிச்ச புயல் அது, பாம்பன்ல இருந்து போன பாசஞ்சர் ரயிலே போயிடுச்சு. நேரம் பாத்தா அதுக்கு 21 மாசம் முன்னாடி, 1963 மார்ச் 17-ல, பாலித் தீவுல அகுங் எரிமலை பெருசா வெடிச்சிருக்கு. ரெண்டுக்கும் தொடர்பு இருக்குன்னு எழுதாதீங்க, அகுங் கிரகடோவா அளவுக்கு பெருசும் கிடையாது, நாம வச்ச வரம்ப தாண்டாது. கிரகடோவாவுலயே நின்னுக்கோங்க, அதுலயே தனுஷ்கோடிக்கு வழி இருக்கு. வானிலைங்குறது தொடக்கத்துல துளி மாத்தம் இருந்தாலும் கொஞ்ச வாரத்துல முழுசா வேற பாதையில போயிடும், எட்வர்ட் லோரென்ஸ்ங்குற வானிலை ஆய்வாளர் 1963-ல கணக்கோட காட்டுனது அது. 1883-ல பிரிஞ்ச கிளையில 81 வருஷம் கழிச்சு அதே நாள்ல அதே புயல் அதே எடத்துல வரவே வராது. அப்ப அந்தப் பக்கம் தனுஷ்கோடி நிக்கும், ஸ்டேஷன் இருக்கும், தலைமன்னாருக்கு கப்பல் போகும். ஆனா வங்காள விரிகுடாவுல புயலே இல்லாம ஒரு காலம் ஓடாது. அந்தப் பக்கத்துல வேற புயல் வேற ஊர எடுத்திருக்கும். அது தொண்டியா, தேவிபட்டினமா, இல்ல இன்னைக்கு நீங்க உக்காந்து எழுதுற தெருவான்னு நீங்கதான் முடிவு பண்ணணும், முடிவு பண்ணிட்டு அந்த ஊர்க்காரங்களுக்கும் பேரு வைங்க. எல்லாரும் பொழச்ச ஒரு கிளைய எழுதுனா அது நடந்ததுக்கு நாம பண்ற மரியாதை ஆகாது.

வேற சில எரிமலையும் இருக்கு, சுருக்கமா சொல்லிடுறேன். 1815 தம்போரா கிரகடோவாவவிட பெருசு, ஆனா அலைய பதிவு பண்ண கருவி வலை அப்ப இல்ல, கணக்குல பிடி கிடைக்காது. 74,000 வருஷத்துக்கு முந்தின தோபா வேணும்னா தாராளமா எடுங்க, அதோட சாம்பல் ஆந்திராவுல ஜ்வாலாபுரத்துல கிடைக்குது, சாம்பலுக்கு கீழயும் மேலயும் கல் கருவி கிடைச்சிருக்கு, அதாவது அங்க மனுசங்க தாக்குப்பிடிச்சிருக்காங்க. அப்ப கடல் மட்டம் இன்னைக்கவிட ரொம்பக் கீழ, பாக் விரிகுடா நடந்து போற தரை. மண்டபத்துல இருந்து மன்னாருக்கு கால் நனையாம போற ஒரு கூட்டத்த எழுத முடிஞ்சா எழுதுங்க, நான் மொத ஆளா படிப்பேன்.

கதையில காத்தப் பத்தி வர்ற எடத்த எல்லாம் எழுதி முடிச்சுட்டு பாம்பன்லயோ தங்கச்சிமடத்துலயோ தொழிலுக்குப் போற ஒரு பெரியவர்கிட்ட வாசிச்சுக் காட்டுங்க. ஆகஸ்ட் கடைசியில கச்சான் காத்து காலம், அப்ப வாடைக் காத்துல பாய் விரிச்சான்னு எழுதுனா அவரு அந்த நொடியே நிறுத்திடுவாரு. பழைய ஓலைச்சுவடியில இதெல்லாம் சொல்லியிருக்குன்னு ஒரு வரி சேக்க ஆசை வரும், சேக்காதீங்க, இல்லாத சுவடிய இருக்குன்னா அதுவும் ரெண்டாவது பொய். கதைக்கு மேல கற்பனைன்னு தெளிவா போடுங்க, தேதியும் நேரமும் இவ்வளவு துல்லியமா இருக்குற ஒரு பக்கத்த யாராச்சும் போட்டோ எடுத்து வாட்ஸ்அப்ல விட்டா கரையோரத்துல ராத்திரி புள்ளைகுட்டியத் தூக்கிட்டு ஓடுவாங்க. நெசமான சுனாமி எச்சரிக்கை ஹைதராபாத்ல இருக்குற இன்காய்ஸ் மையத்துல இருந்துதான் வரும், அது உங்க கதையில ஒரு பாத்திரத்தோட வாயிலயே வந்தாலும் நல்லதுதான்.

கடைசியா ஒரு கணக்கு, இத உங்க வரைபடத்துலயே போட்டுப் பாருங்க. நேர் அலை கிழக்கும் தென்கிழக்குமா வருது, அதனால தனுஷ்கோடி நுனியில இருக்குற அரிச்சல்முனையத்தான் மொதல்ல தொடும், நிமிஷத்துக்கு 19 கிலோமீட்டர் வேகத்துல மேற்கால போய் மூக்கையூரத் தொட அஞ்சு நிமிஷம் ஆகும். திரும்பி வர்ற அலை மேற்குப் பக்கமா வர்றதால மூக்கையூர்ல மொதல்ல மூடும், அரிச்சல்முனையில அஞ்சு நிமிஷம் கழிச்சுத்தான் மூடும். அப்ப ஒவ்வொரு தடவையும் மூக்கையூரவிட அரிச்சல்முனையில பத்து நிமிஷம் கூடுதலா கதவு திறந்திருக்கு, அதுல பாதி தொடக்கத்துல, பாதி முடிவுல. ஆகஸ்ட் 28 சாயங்காலம் மூக்கையூர்ல ஒருத்தருக்கு மூடிப்போச்சு, அரிச்சல்முனையில இன்னொருத்தருக்கு அஞ்சு நிமிஷம் பாக்கி இருக்கு, 1883-ல ரெண்டு பேருக்கும் நடுவுல சேதி சொல்ல எந்த வழியும் இல்ல. அங்க யார நிறுத்துறதுன்னு மொதல்ல முடிவு பண்ணிட்டு அப்புறம் முதல் வரிய எழுதுங்க.